காலத்தை நிறுத்தும் செடி: ஓர் ஒப்பியல் நோக்கு

இழந்த செல்வத்தை மீண்டும் ஈட்டலாம். கழிந்த ஒரு நாழிகையை எவராலும் மீட்க இயலாது. இவ்வியலாமையே மனித உள்ளத்தில் ஒரு வேட்கையை வளர்த்தது. காலத்தை நிறுத்தவோ பின்னோக்கித் திருப்பவோ வல்ல செடி ஒன்று எங்கோ உள்ளது எனப் பழங்கால மக்கள் கற்பனை செய்தனர். வெட்டினும் தழைப்பதும், உதிர்ந்தபின் துளிர்ப்பதும், மடிந்தபின்னும் விதையால் எழுவதும் மரஞ்செடிகளின் இயல்பு. தன்னிடம் இல்லாத அவ்வாற்றலை அவற்றிடம் கண்ட மனிதன், காலத்தை வெல்லும் மருந்தையும் அவற்றிடமே தேடினான் எனலாம். அத்தகைய இரு பழங்கதைகளையும், அவ்வேட்கை குறித்துத் திருமறை உணர்த்துவதையும் இக்கட்டுரையில் காண்போம்.

கில்காமேசு தேடிய செடி

இன்றைய ஈராக் நாட்டில் யூப்ரடீசு, டைகிரிசு ஆறுகளுக்கிடையே தழைத்தது மெசபடோமிய நாகரிகம். அங்கு ஊருக் நகரை ஆண்ட கில்காமேசு என்னும் மன்னனைப் பற்றிய காப்பியம் களிமண் பலகைகளில் ஆப்பெழுத்தால் எழுதப்பட்டது. அதன் விரிந்த வடிவம் 12 பலகைகளைக் கொண்டது. நினிவே நகரில் அசூர்பனிபால் மன்னனின் நூலகம் இருந்த இடத்தில், 19ஆம் நூற்றாண்டில் இக்காப்பியத்தின் பலகைகள் பல அகழ்ந்தெடுக்கப்பட்டன. அவற்றுள் 11ஆம் பலகையில் வெள்ளப் பெருக்கின் கதை இருப்பதை 1872இல் ஜார்ஜ் ஸ்மித் உலகிற்கு அறிவித்தார். நாம் கருதும் செடியும் அப்பலகையிலேயே இடம்பெறுகிறது.

உயிர்த்தோழன் என்கிடு இறந்தபின், தனக்கும் இதுவே முடிவு என்று அஞ்சுகிறான் கில்காமேசு. ஊழிவெள்ளத்தில் பிழைத்துச் சாவா வரம் பெற்ற உத்னபிஷ்திம் என்னும் முதியவரைத் தேடிச் செல்கிறான். ஆறு பகலும் ஏழு இரவும் உறங்காதிருக்க வேண்டும் என்று அவர் சோதனை வைக்கிறார். அவனோ அமர்ந்தவுடன் உறங்கிவிடுகிறான். முதியவரின் மனைவி நாளுக்கொரு ரொட்டி சுட்டு அவன் தலைமாட்டில் வைக்கிறாள். விழித்தவன், சற்றே கண்ணயர்ந்ததாகக் கூறுகிறான். காய்ந்தும் பூசணம் பூத்தும் கிடந்த ரொட்டிகள் கழிந்த நாள்களுக்குச் சான்றாகின்றன. உறக்கத்தையே வெல்லாதவன் சாவை எங்ஙனம் வெல்வான் என்பது இதன் உட்பொருள்.

வெறுங்கையோடு திரும்புவோனுக்கு இரங்கி, நீரின் ஆழத்தில் முளைத்திருக்கும் முட்செடி ஒன்றைப் பற்றி முதியவர் கூறுகிறார். கால்களில் கற்களைக் கட்டி மூழ்கி, கில்காமேசு அதனைப் பறிக்கிறான். முதுமையை நீக்கி இளமையைத் தருவது என்னும் பொருள்பட அதற்குப் பெயரும் இடுகிறான். முதலில் ஊரிலுள்ள ஒரு கிழவனுக்குக் கொடுத்துச் சோதித்தபின் தானும் உண்பது என்பது அவன் எண்ணம். வழியில் அவன் நீராடும்போது, மணம் அறிந்து வந்த பாம்பொன்று செடியைக் கவர்ந்து சென்று தன் சட்டையை உரிக்கிறது. மன்னன் அமர்ந்து அழுகிறான்.

அதியமான் ஈந்த கனி

இக்கதையோடு ஒப்பு நோக்கத்தக்கது நம் சங்க இலக்கியச் செய்தி. தகடூரை ஆண்ட அதியமான் நெடுமான் அஞ்சி, ஏறுதற்கரிய மலைப்பிளவில் விளைந்த நெல்லிக்கனியைப் பெற்றான். அது உண்டாரைச் சாவினின்று காப்பது. அதன் பயனை வெளியிடாது தன்னுள் அடக்கிக்கொண்டு, அதனை ஔவையாருக்கு ஈந்தான். புறநானூற்றின் 91ஆம் பாடலில் இதனைப் போற்றும் ஔவையார், நீ நிலைபெற்று வாழ்க என அவனை வாழ்த்துகிறார். சிறுபாணாற்றுப்படையும் இக்கொடையைக் குறிக்கிறது.

கில்காமேசும் பிறனுக்குக் கொடுக்க எண்ணினான். ஆயின் அது சோதனைக்காக. அதியமானும் கொடுத்தான், அது புலமையைக் காப்பதற்காக. முன்னவன் செடியை இழந்து அழுதான். பின்னவன் கனியைத் தானே துறந்தான். அதியமான் இறந்தபோது ஔவையார் பாடிய கையறுநிலைப் பாடலும் புறநானூற்றில் (235) உள்ளது. கனியை உண்டவர் இருந்து, ஈந்தவனுக்காகக் கலங்கினார். ஆயினும் இன்றளவும் நாம் அதியமானை அறிவது அக்கொடையால் அன்றோ!

திருமறை காட்டும் உண்மை

திருக்குர்ஆனின் தாஹா அத்தியாயம் (20:120) இவ்வேட்கையின் மறுபக்கத்தைக் காட்டுகிறது. நிலையான வாழ்வு தரும் மரத்தையும் அழியாத ஆட்சியையும் காட்டுவதாகக் கூறித்தான் ஷைத்தான் ஆதம் (அலை) அவர்களின் உள்ளத்தில் ஊசாட்டம் ஏற்படுத்தினான். மனிதன் முதன்முதலில் ஏமாற்றப்பட்டது சாவாமையின் பெயராலேயே என்பது எண்ணத்தக்கது.

காலம் எவனுடைய கையில் உள்ளது என்பதையும் திருமறை தெளிவுறுத்துகிறது. பாழடைந்த ஊரைக் கடந்த ஒருவரை இறைவன் நூறாண்டுகள் இறந்திருக்கச் செய்து எழுப்பினான். அவர் ஒரு நாளோ அதனிலும் குறைவோ கழிந்ததாக எண்ணினார். அவருடைய உணவு கெடாதிருந்தது. கழுதையோ எலும்பாகிக் கிடந்தது (2:259). கில்காமேசின் தலைமாட்டில் ரொட்டி கெட்டது. இங்கு நூறாண்டு உணவு கெடவில்லை. காலத்தை ஓடவிடுவதும் நிறுத்துவதும் செடியின் ஆற்றல் அன்று, படைத்தவனின் ஆணையே என்பது இதனால் விளங்கும்.

விதையில் உறங்கும் காலம்

இறைவன் படைப்பில் காலம் உறங்குவது போன்ற காட்சி உண்டெனில் அது விதையே. சாக்கடலை அடுத்த மசாதா மலைக்கோட்டை அகழாய்வில் கிடைத்த, ஏறத்தாழ 2,000 ஆண்டுப் பழமையான பேரீச்சங்கொட்டை ஒன்று 2005இல் நடப்பட்டு முளைத்தது. அது வளர்ந்து ஆண்மரமாயிற்று. அப்பகுதியில் கிடைத்த மற்றொரு பழங்கொட்டையில் முளைத்த பெண்மரம், இதன் மகரந்தத்தைப் பெற்று 2020இல் கனி தந்தது. ஈரம் வாய்க்காத வறண்ட நிலத்தில், விதையின் உயிர் இயக்கம் மிக ஒடுங்கி நின்றதே இதற்குக் காரணம். ஆயினும் அவ்விதை காலத்தைத் தனக்கென வைத்துக்கொள்ளவில்லை. முளைத்துக் கனியாகப் பிறர்க்கு வழங்கிற்று.

முடிவுரை

மறுமை நாள் வந்துவிட்ட நேரத்திலும் ஒருவர் கையில் நாற்று இருந்து, அதனை நட இயலுமாயின் நட்டுவிடட்டும் என்பது அனஸ் (ரலி) அவர்கள் அறிவிக்கும் நபிமொழியின் கருத்து. ஒரு முஸ்லிம் நட்ட மரத்திலிருந்து பறவையோ மனிதரோ கால்நடையோ உண்டால் அது அவருக்குத் தருமமாகும் என்றும் நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் அருளியுள்ளார்கள். கனியைக் காணப்போவதில்லை என்று அறிந்தும் நடுபவனே காலத்தின் இயல்பை உணர்ந்தவன்.

நம் ஊர்களில் பனங்கொட்டை ஊன்றிய முதியோர் பலர், அதன் நுங்கை உண்ணப் போவது பேரப்பிள்ளைகளே என்பதை அறிந்தே ஊன்றினர். நாம் கற்கும் கல்விக்கூடங்களும் நமக்கு முன் வாழ்ந்தோர் நட்டவையே. காலத்தை நிறுத்தும் செடி கற்பனையில் மட்டுமே உண்டு. நம் காலத்தை நமக்குப் பின் வருவோரிடம் சேர்க்கும் செடியோ ஒவ்வொருவர் கைக்கும் எட்டுவது. மாணவச் செல்வங்கள் முன்னதைத் தேடி நாளைக் கழிக்காது, பின்னதை நட்டு வாழ்வார்களாக!