சீழ்க்கட்டி: கீறினால்தான் ஆறும்

மாத்திரை மட்டும் போதாது. சீழ் வெளியேற வேண்டும். அதன் பிறகு புண் உள்ளிருந்து மூட வேண்டும். இரண்டாவது பொறுப்பு நோயாளியுடையது.

முதலில் பிடரியிலோ அக்குளிலோ பிட்டத்திலோ ஒரு சிவந்த தடிப்பு. இரண்டு மூன்று நாளில் எலுமிச்சை அளவுக்கு வீங்கிவிடுகிறது. தொட்டால் உயிர் போகிறது. மஞ்சளும் சுண்ணாம்பும் குழைத்துப் பற்றுப் போடுகிறார்கள். வடக்கே கோதுமை மாவில் மஞ்சள் சேர்த்துக் கிளறிக் கட்டுகிறார்கள். கோடை என்றால் பழி மாம்பழத்தின் மேல். வலி பொறுக்காமல் மருந்துக் கடைக்குப் போய், "கட்டிக்கு ஏதாவது கொடுங்க" என்கிறார்கள். டாக்டர் சீட்டு இல்லாமல் ஆன்டிபயாடிக் விற்கக் கூடாது என்பது சட்டம். ஆனாலும் நாலைந்து கேப்ஸ்யூல்கள் கைக்கு வந்துவிடுகின்றன. தில்லியானாலும் திருநெல்வேலியானாலும் பெரும்பாலும் கதை இதுதான்.

மாம்பழம் நிரபராதி. 1880ல் ஸ்காட்லாந்தின் அபர்டீன் நகர அறுவை மருத்துவர் அலெக்சாண்டர் ஆக்ஸ்டன் கட்டியின் சீழை மைக்ராஸ்கோப்பில் வைத்துப் பார்த்தார். கொத்துக் கொத்தாகக் கிருமிகள் தெரிந்தன. திராட்சைக் கொத்து என்று பொருள்படும் கிரேக்கச் சொல்லைக் கொண்டு 1882ல் அவற்றுக்கு ஸ்டஃபிலோகாக்கஸ் என்று பெயரிட்டார். நம்மில் பலருடைய மூக்கிலும் தோலிலும் சும்மா குடியிருக்கும் கிருமிதான். வியர்வை, உராய்வு, சொறிந்த கீறல் என்று ஒரு வழி கிடைத்தால் உள்ளே போய்விடுகிறது.

உடல் அதைப் பரவ விடாமல் சுற்றிலும் சுவர் எழுப்புகிறது. உள்ளே செத்த வெள்ளணுக்களும் கிருமிகளும் சிதைந்த திசுவும் சேர்ந்ததுதான் சீழ். அந்தச் சுவர்தான் சிக்கலும்கூட. மாத்திரை ரத்தத்தின் வழியே பயணம் செய்கிறது. சீழ்க் குளத்துக்குள் ரத்த ஓட்டம் இல்லை. ஆகவே ஆன்டிபயாடிக் வாசல் வரை வந்து நின்றுவிடுகிறது.

கீறலின் பலத்துக்குச் சான்று உண்டு. அமெரிக்காவில் 1,200க்கும் மேற்பட்டவர்களிடம் நடத்தப்பட்ட ஆய்வு 2016ல் வெளியானது. எல்லோருக்கும் கட்டியைக் கீறிச் சீழ் எடுத்தார்கள். பிறகு பாதிப் பேருக்குக் கோட்ரைமாக்சசோல், மீதிப் பேருக்கு மருந்தில்லாத போலி மாத்திரை. மருந்து சாப்பிட்டவர்களில் 80.5 சதவீதம் பேர் குணமானார்கள்; போலி மாத்திரைக்காரர்களில் 73.6 சதவீதம். மாத்திரை உதவுகிறது, ஆனால் பெரும்பகுதி வேலை கத்தியுடையது.

எப்போது கீறுவது? கட்டி கல் மாதிரி இருக்கும்போது அல்ல. பழுத்து, அழுத்தினால் உள்ளே திரவம் அசைவது தெரியும்போது. இந்தப் பக்குவத்தைச் சுஸ்ருத சம்ஹிதையே தனி அத்தியாயத்தில் பேசுகிறது. சந்தேகம் இருந்தால் இன்று அல்ட்ரா சவுண்ட் சொல்லிவிடும். பழுக்கும் வரை தினமும் மூன்று நான்கு தடவை வெந்நீர் ஒத்தடம் கொடுக்கலாம். பிதுக்குவதும் ஊசியால் குத்துவதும் கூடாது. சீழ் வெளியே வருவதற்குப் பதில் ஆழத்துக்குப் போகலாம்.

டாக்டர் கட்டியைச் சுற்றி மரத்துப்போகும் ஊசி போடுகிறார். சீழின் அமிலத்தன்மையால் மருந்து முழுதாகப் பிடிக்காமல் கொஞ்சம் வலிக்கலாம். போதுமான அளவு கீறி, சீழை வடித்து, உள்ளே அறை அறையாக இருப்பதை உடைத்து, சலைனால் கழுவுகிறார். பொதுவாகத் தையல் போடுவதில்லை. நோயாளியைப் பயமுறுத்துவது இதுதான்: திறந்த புண்ணோடு வீட்டுக்கு அனுப்புகிறார்களே!

காரணம் இருக்கிறது. மேல்தோல் அவசரமாக மூடிக்கொண்டால் உள்ளே மறுபடி சீழ் கோக்கும். புண் அடியிலிருந்து மேல்நோக்கி நிரம்ப வேண்டும். அதற்காகப் பெரிய கட்டிகளில் காஸ் துணியைத் தளர்வாக வைப்பார்கள். சிறு கட்டிகளில் அதனால் வலிதான் மிச்சம் என்று சில ஆய்வுகள் சொல்வதால் பல டாக்டர்கள் இப்போது வைப்பதில்லை.

வீட்டில் செய்ய வேண்டியவை கடினமானவை அல்ல. சோப்புப் போட்டுக் கைகழுவிவிட்டுக் கட்டைப் பிரிக்கவும். டாக்டர் சொன்ன நாளிலிருந்து சுத்தமான தண்ணீரில் புண்ணைக் கழுவி, தினமும், நனைந்துவிட்டால் உடனேயும், புதுக் கட்டுப் போடவும். முதல் சில நாள் கொஞ்சம் கசிவது இயல்பு. காப்பித்தூள், சாம்பல், மஞ்சள்பொடி எதையும் புண்ணில் வைக்க வேண்டாம். துண்டும் சவரக்கத்தியும் தனியாக இருக்கட்டும்; இந்தக் கிருமி குடும்பத்துக்குள் தொற்றும். டெட்டனஸ் ஊசி எப்போது போட்டீர்கள் என்பதை டாக்டரிடம் சொல்லுங்கள். காய்ச்சல், சிவப்பு பரவுதல், வலி கூடுதல் இவற்றில் எது வந்தாலும் அன்றே திரும்பிப் போகவும்.

எல்லாக் கட்டியும் ஒன்றல்ல. மூக்கு, மேலுதட்டுக் கட்டி மூளை வரை தொல்லை தரலாம். ஆசனவாய் அருகில் வந்தால் அறுவை நிபுணர் பார்க்க வேண்டும், பவுத்திரம் ஆகலாம். பால் கொடுக்கும் தாயின் மார்பில் வந்தால் பெரும்பாலும் ஊசியால் உறிஞ்சி எடுத்தே குணப்படுத்துகிறார்கள். பால் கொடுப்பதை நிறுத்த வேண்டியதில்லை. கழுத்திலோ முதுகிலோ சூடும் சிவப்பும் இல்லாமல் மெல்ல வளரும் கட்டி காசநோயாக இருக்கலாம். அதைச் சாதாரணக் கட்டி போலக் கீறினால் ஆறாமல் மாதக்கணக்கில் கசியும். முதலில் பரிசோதனை, பிறகு காசநோய் மருந்து.

திரும்பத் திரும்பக் கட்டி வருகிறவர்கள், பல கண்ணோடு ராஜபிளவை வந்தவர்கள் ரத்தச் சர்க்கரையைப் பார்த்தே ஆக வேண்டும். இந்தியாவில் சுமார் 10.1 கோடிப் பேருக்கு நீரிழிவு இருப்பதாக ஐ.சி.எம்.ஆர். ஆதரவுடன் நடந்த ஆய்வு 2023ல் கணக்கிட்டது. தங்களுக்குச் சர்க்கரை இருப்பதே சிலருக்கு முதுகில் கத்தி வைத்த அன்றுதான் தெரிகிறது.