அண்ணாமலையில் ஆறுதல் கண்ட எச்சம்மாள்

நினைத்தாலே முக்தி தரும் தலம் திருவண்ணாமலை. பஞ்சபூதத் தலங்களுள் இது அக்னித் தலம். கார்த்திகை தீபத் திருநாளில் மலையுச்சியில் எழும் ஜோதியைத் தரிசிக்கவும், பௌர்ணமிதோறும் 14 கிலோமீட்டர் கிரிவலம் வரவும் அடியார்கள் திரள்திரளாக வந்த வண்ணம் இருக்கிறார்கள். அவர்களுள் வேண்டுதலோடு வருபவர் உண்டு. வேண்டியது நிறைவேறியதற்கு நன்றி சொல்ல வருபவரும் உண்டு. இனி வேண்டிக்கொள்ள ஒன்றுமே இல்லை என்ற நிலையில், ஆறாத துயரத்தை மட்டும் சுமந்து வருபவரும் உண்டு. அவ்வாறு வந்த ஓர் அம்மையாரின் வரலாறு, துன்பத்தின் நடுவே மனவலிமை எங்கிருந்து பிறக்கிறது என்பதை நமக்குக் காட்டுகிறது.

மூன்று இழப்புகள்

லட்சுமியம்மாள் என்பது அவரது இயற்பெயர். போளூரை அடுத்த மண்டகொளத்தூரைச் சேர்ந்தவர். ரமண பக்தர்கள் அவரை எச்சம்மாள் என்றே அறிவார்கள். கணவர், ஒரு மகன், ஒரு மகள் என்று நிறைவான குடும்பம் அமைந்திருந்தது. இருபத்தைந்து வயது ஆவதற்குள் அந்த நிறைவு முற்றிலும் குலைந்தது. முதலில் கணவர் மறைந்தார். பின்னர் ஒரே மகன் போனான். அவனைத் தொடர்ந்து ஒரே மகளும் போய்விட்டாள்.

நூறு ஆண்டுகளுக்கு முன்பு, இளம் வயதில் கணவரை இழந்த பெண்ணின் நிலை எத்தகையது என்பதை மூத்த வாசகர்களுக்கு விளக்க வேண்டியதில்லை. அத்தகைய பெண்ணுக்குப் பற்றுக்கோடாக இருப்பவர்கள் பிள்ளைகள். எச்சம்மாளுக்கு அந்தப் பற்றுக்கோடும் இல்லாமல் போயிற்று. மகிழ்ச்சியாக வாழ்ந்த ஊரே அவருக்குத் தாங்க முடியாததாயிற்று.

சாதுக்களுக்குத் தொண்டு செய்தால் மனம் ஆறும் என்று எண்ணி, தந்தையாரின் அனுமதியோடு மேலைக் கடற்கரையில் உள்ள கோகர்ணத்துக்குச் சென்றார். அங்கே பணிவிடை செய்தார், காத்திருந்தார். ஆயினும், எந்தத் துயரத்தோடு போனாரோ அதே துயரத்தோடுதான் ஊர் திரும்பினார். திருவண்ணாமலையில் ஓர் இளம் சுவாமி இருக்கிறார், அவரை நாடியவர்க்கு அமைதி கிட்டுகிறது என்று அப்போது சிலர் சொன்னார்கள். உடனே புறப்பட்டார். திருவண்ணாமலையில் அவருக்கு உறவினர்கள் இருந்தார்கள். ஆனால் அவர்கள் வீட்டுக்கு அவர் செல்லவில்லை. அவர்களைக் கண்டால் பழைய நினைவுகள் மேலெழுந்து மீண்டும் வாட்டும் என்ற அச்சமே காரணம்.

பேசாத ஒரு மணி நேரம்

அது 1906-ஆம் ஆண்டை ஒட்டிய காலம். ரமண பகவான் அப்போது மலைமேல் விரூபாட்ச குகையில் எழுந்தருளியிருந்தார். வயது இருபத்தாறு அல்லது இருபத்தேழுதான். இழப்பு இன்னதென்று அறியாதவர் அல்லர் அவர். 1892-ல், பன்னிரண்டு வயதில் தந்தையை இழந்தவர். 1896 செப்டம்பர் 1 அன்று தனியொருவராக அருணாசலத்தை வந்தடைந்தவர். ஆலயத்தின் பாதாள லிங்கச் சந்நிதியில், பூச்சிகள் கடித்துத் தொடைகள் புண்ணாவதும் அறியாமல் தவத்தில் ஆழ்ந்திருந்தவர்.

தோழி ஒருவருடன் மலையேறிய எச்சம்மாள், பகவான் முன்னே நின்றார். தமது கதையைச் சொல்லவில்லை. பகவானும் ஏதும் கேட்கவில்லை. ஒரு மணி நேரம் அப்படியே கழிந்தது. அங்கிருந்து நகர அவருக்கு மனம் வரவில்லை. கால்களை வலிந்து இழுத்துக்கொண்டுதான் இறங்க வேண்டியிருந்தது. ஆனால் இறங்கும்போது நெஞ்சை அழுத்திய பாரம் நீங்கியிருந்தது.

துக்கம் விசாரிக்கப் போகிறவர்கள் எத்தனையோ ஆறுதல் மொழிகளைச் சொல்கிறோம். ‘விதி’ என்கிறோம், ‘மறந்துவிடு’ என்கிறோம். பெற்ற பிள்ளைகளை எந்தத் தாயால் மறக்க இயலும்? பகவான் மறக்கச் சொல்லவில்லை. மௌனத்தில் அவரை நிற்கவிட்டார். அந்த மௌனத்தில்தான் அந்தத் தாயின் மனம் முதன்முதலாக ஓய்வு கண்டது.

நாள்தோறும் ஒரு தொண்டு

எச்சம்மாள் திருவண்ணாமலையிலேயே தங்கிவிட்டார். நாள்தோறும் தம் கையால் சமைத்து, பகவானுக்கும் உடனிருந்த அடியார்களுக்கும் மலைமேல் உணவு கொண்டு சென்றார். பகவானைத் தரிசிக்க வந்தவர்களைத் தம் இல்லத்தில் உபசரித்தார். 1916-ல் பகவான் மேலேயுள்ள கந்தாசிரமத்துக்கு மாறியபோதும், 1922-ல் அன்னையார் அழகம்மாள் முக்தியடைந்த பின் மலையடிவாரத்துக்கு இறங்கி வந்தபோதும் அத்தொண்டு நிற்கவில்லை. ஏறத்தாழ 38 ஆண்டுகள், 1945-ல் தாம் மறையும் வரை, அதைத் தம் வாழ்வாகவே கொண்டிருந்தார்.

ஆசிரமம் வளர்ந்து, பலர் பந்தியில் அமர்ந்து உண்ணும் காலம் வந்தது. அவ்வம்மையார் கொண்டுவரும் உணவு அங்கே மிகச் சிறிய பங்குதான். ஆயினும் அது பரிமாறப்படாமல் விடுபட்டால், பகவான் நினைவூட்டி அதைப் பெற்றுக்கொள்வார்.

இளையான்குடி மாற நாயனாரை நாம் அறிவோம். செல்வமெல்லாம் சுருங்கிய நிலையில், மழை பெய்யும் நள்ளிரவில் வந்த அடியவர்க்காக, பகலில் விதைத்த நெல்லையே வாரி வந்து அமுது படைத்தவர் அவர். இருக்கும்போது கொடுப்பது அறம். எல்லாம் போன பின்னும் கொடுக்கும் கை ஓயாதிருப்பது பக்தி. பிள்ளைகளுக்குச் சோறூட்ட வழியற்றுப்போன எச்சம்மாளின் கைகளுக்கு, அண்ணாமலையார் அடியார்களுக்கு அன்னமிடும் பணியைக் கொடுத்தார்.

இடையில் அவர் நாசி நுனியில் மனத்தை நிறுத்தித் தியானம் பழகினார். அழகிய ஒளி ஒன்று தோன்றிற்று; அதில் நாள்கணக்கில் லயித்திருந்தார். இதை அறிந்த பகவான், வெளியே தோன்றும் ஒளி இலக்கன்று, தன்னை அறிவதே இலக்கு என்று தெளிவித்தார். எச்சம்மாளும் அப்பழக்கத்தை விட்டார்.

மீண்டும் ஒரு சோதனை

பகவானின் இசைவோடு, செல்லம்மாள் என்ற பெண்ணை எச்சம்மாள் எடுத்து வளர்த்தார். உரிய காலத்தில் மணம் முடித்துவைத்தார். பேரன் பிறந்தான், அவனுக்கு ரமணன் என்றே பெயர் சூட்டப்பட்டது. ஒருநாள் எதிர்பாராமல் தந்தி வந்தது. செல்லம்மாள் இறந்துவிட்டாள்!

பழைய காயம் முழுதாகத் திறந்துகொண்டது. தந்தியைக் கையில் பற்றியபடி பகவானிடம் ஓடினார் எச்சம்மாள். பகவான் அதைப் படித்தார். அவர் கண்களிலிருந்து நீர் பெருகிற்று.

சற்றே ஆறுதல் பெற்று, இறுதிச் சடங்குக்குச் சென்ற எச்சம்மாள், தாயற்ற குழந்தையுடன் திரும்பி வந்து, அதைப் பகவானின் கரங்களில் வைத்தார். குழந்தையை ஏந்திய பகவானின் கண்கள் மீண்டும் கலங்கின. அந்தக் கருணையே எச்சம்மாளுக்கு அமைதி தந்தது. அதன் பின்னும் அவருடைய அன்னத் தொண்டு தொடர்ந்தது.

நாம் ஆழ்ந்து எண்ண வேண்டிய இடம் இது. உடல் வேறு, ஆன்மா வேறு என்று உணர்ந்த ஞானியே அழுதார். பின்னாளில், 1949-ல் இடக்கையில் தோன்றிய கட்டிக்காக நான்கு முறை அறுவைச் சிகிச்சை நடந்தபோதும், தம் வலியைப் பொருட்படுத்தாது அடியார்களுக்குத் தரிசனம் தந்தவர் அவர். தம் நோய்க்குக் கலங்காதவர், ஒரு தாயின் துயருக்குக் கலங்கினார். ஆகவே, கண் கலங்காதிருப்பதுதான் மனவலிமை என்று எண்ண வேண்டாம். அழுத பின்னும் மறுநாள் காலையில் எழுந்து அடுப்பை மூட்டி, இன்னொருவர் பசியை நினைக்க முடிகிறதே, அதுவே மனவலிமை.

நமக்கு ஒரு வழி

முதுமையில் வாழ்க்கைத் துணையை இழந்தவர்களும், பிள்ளைகளைப் பறிகொடுத்தவர்களும் நம்மிடையே இருக்கிறார்கள். ‘நான் இன்னும் எதற்காக இருக்கிறேன்?’ என்ற கேள்வி அவர்களை இரவில் உறங்கவிடுவதில்லை. எச்சம்மாளின் வாழ்வு அதற்கு எளிய விடை தருகிறது. நாள்தோறும் சிறிது நேரம் இறைவன் முன் வாய்பேசாது அமர்ந்திருங்கள். உடல் இடம் கொடுக்கும் அளவில் ஒரு தொண்டைக் கைக்கொள்ளுங்கள். சுவாமிக்குப் பூத்தொடுப்பதாக இருக்கலாம். பசித்தவர்க்கு ஒரு பிடி சோறாக இருக்கலாம். அதை ஒருநாளும் விடாதீர்கள். துயரம் வந்தால் அழுங்கள்; அழுதுவிட்டுத் தொண்டுக்குத் திரும்புங்கள்.

அடுத்த முறை அண்ணாமலையாரையும் உண்ணாமுலை அம்மனையும் தரிசிக்கச் செல்லும்போது, இயன்றவர்கள் விரூபாட்ச குகை வரை ஏறி வாருங்கள். இயலாதவர்கள் கீழிருந்தே மலையை நோக்கிக் கைகூப்புங்கள். அன்று எச்சம்மாளின் பாரத்தை இறக்கிவைத்த அருணாசலம், நம் பாரத்தையும் ஏற்றுக்கொள்ளும்.

அண்ணாமலையானுக்கு அரோகரா!