உங்களுக்குத் தெரியுமா? தன்பாலீர்ப்பு ஆய்வில் மதுரைக்கும் பங்கு உண்டு

ஆணை விரும்பும் ஆண், பெண்ணை விரும்பும் பெண் என்று ஊரில் பேச்செடுத்தால், 'எல்லாம் இப்ப வந்த நாகரிகம்' என்று வாயடைத்துவிடுவார்கள். ஆனால் இதற்கென்று நூறாண்டு தாண்டிய படிப்பு ஒன்று இருக்கிறது.

● 1919-ல் பெர்லினில் பாலியல் ஆய்வுக்கென்றே ஒரு நிறுவனம் தொடங்கினார் மருத்துவர் மாக்னஸ் ஹிர்ஷ்ஃபெல்ட். 1931-ல் இந்தியாவுக்கும் வந்துபோனார். 1933 மே மாதம் நாஜிகள் அந்த நிறுவனத்தைச் சூறையாடி, நூல்களைக் கொளுத்தினார்கள். அவர் வெளிநாட்டில் இருந்ததால் தப்பினார்.

● 'தன்பாலீர்ப்பு ஒரு மனநோய்' என்ற நம்பிக்கையை உலுக்கியது 1957-ல் வெளியான ஓர் ஆய்வு. அமெரிக்க உளவியலாளர் எவலின் ஹூக்கர், தன்பாலீர்ப்புள்ள ஆண்கள் 30 பேர், மற்ற ஆண்கள் 30 பேர் என்று சேர்த்து, மைக்கறைப் படம் காட்டுவது உள்ளிட்ட உளச்சோதனைகளை நடத்தினார். யார் எந்த வகை என்று சொல்லாமல் முடிவுகளை நிபுணர்களிடம் கொடுத்தார். அவர்களால் பிரித்துச் சொல்ல முடியவில்லை. உலக சுகாதார நிறுவனம் தன் நோய்ப் பட்டியலிலிருந்து தன்பாலீர்ப்பை நீக்கியது 1990-ல்.

● இந்தியாவில் இதைப் பற்றி வந்த முதல் நூல்களில் ஒன்றை எழுதியவர் கணித மேதை சகுந்தலா தேவி! 'தி வேர்ல்ட் ஆஃப் ஹோமோசெக்‌ஷுவல்ஸ்' 1977-ல் வெளியானது.

● ரூத் வனிதாவும் சலீம் கித்வாயும் தொகுத்த 'சேம்-செக்ஸ் லவ் இன் இந்தியா' 2000-ல் வந்தது. பல இந்திய மொழிகளின் பழைய, புதிய எழுத்துகளைத் திரட்டி, இது மேற்கிலிருந்து இறக்குமதியான சரக்கு என்ற வாதத்துக்கு அவர்கள் பதில் சொன்னார்கள். உண்மையில் இறக்குமதியானது தண்டனைதான்: 1860-ல் வெள்ளையர் ஆட்சி கொண்டுவந்த 377-வது பிரிவு. வயதுவந்தோர் மனமொத்து உறவுகொள்வதை அதிலிருந்து உச்ச நீதிமன்றம் விடுவித்தது 2018 செப்டம்பர் 6-ல்.

● பால் திரிந்தோரைக் குறிக்கும் பெயர்களுக்குத் தொல்காப்பியத்தின் கிளவியாக்கமே இலக்கணம் சொல்கிறது. ஆனால் அது பாலினம் பற்றியது. யார் மீது ஈர்ப்பு என்பது வேறு விஷயம். இரண்டையும் போட்டுக் குழப்பிக்கொள்ள வேண்டாம்.

● கொழும்புத் தமிழ்க் குடும்பத்துச் சிறுவன் தன் ஈர்ப்பை உணர்ந்து வளரும் கதை, ஷியாம் செல்வதுரையின் 'ஃபன்னி பாய்' (1994). 1983 இனக்கலவரமும் அந்த நாவலில் உண்டு.

● மதுரை அமெரிக்கன் கல்லூரியில் படித்த கோபி சங்கர், 2011-ல் 'சிருஷ்டி மதுரை' அமைப்பைத் தொடங்கினார். மறு ஆண்டே மதுரையில் வானவில் பேரணி நடந்தது. பால், பாலினம், பாலியல் பற்றி அவர் தமிழில் எழுதிய நூல் 'மறைக்கப்பட்ட பக்கங்கள்'.

● மதுரை மாட்டுத்தாவணியைத் தாண்டினால் உயர் நீதிமன்றக் கிளை. 2019 ஏப்ரலில் அங்கே நீதிபதி ஜி.ஆர்.சுவாமிநாதன், இந்துத் திருமணச் சட்டத்தில் 'மணமகள்' என்பது திருநங்கையையும் குறிக்கும் என்று தீர்ப்பளித்தார். ஊடுபால் (இன்டர்செக்ஸ்) குழந்தைகளுக்குத் தேவையற்ற பால்மாற்று அறுவை செய்வதற்குத் தமிழ்நாடு தடை போட்டதும் அந்தத் தீர்ப்பால்தான். கோபி சங்கரின் பணியைத் தீர்ப்பே பாராட்டியது.

● 2021-ல் சென்னை உயர் நீதிமன்றத்தில் பாதுகாப்பு கேட்டு நின்ற, ஒருவரையொருவர் விரும்பிய இளம்பெண்கள் இருவரும் மதுரைக்காரர்கள். நீதிபதி என்.ஆனந்த் வெங்கடேஷ், 'எனக்கே இதைப் பற்றிச் சரியாகத் தெரியாது' என்ற நிலையில் உளவியல் நிபுணரிடம் உட்கார்ந்து பாடம் கேட்டார். பிறகுதான் தீர்ப்பு. காணவில்லை என்று புகார் வந்தாலும், தேடப்படுபவர்கள் வயதுவந்தவர்கள், மனமொத்துச் சேர்ந்திருப்பவர்கள் என்று தெரிந்தால், வாக்குமூலம் வாங்கிக்கொண்டு போலீஸ் புகாரை முடித்துவிட வேண்டும் என்றது அது.

● அதே வழக்கின் தொடர்ச்சியாக, தன்பாலீர்ப்பு, பாலினம் பற்றிக் கொச்சையில்லாமல் எழுதுவதற்கான தமிழ்ச் சொற்பட்டியலை 2022 ஆகஸ்டில் தமிழக அரசு அரசிதழில் வெளியிட்டது.

● மருத்துவப் பாடத்திட்டத்தில் தன்பாலீர்ப்பைக் குற்றப் பட்டியலில் சேர்த்து 2024 ஆகஸ்டில் தேசிய மருத்துவ ஆணையம் வெளியிட்ட வழிகாட்டி, எதிர்ப்புக் கிளம்பியதும் செப்டம்பரில் திரும்பப் பெறப்பட்டது.

● 'ஒரு கல்யாணத்தைப் பண்ணி வெச்சா சரியாயிடும்', 'டாக்டர்கிட்ட காட்டி மாத்திடலாம்' என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். 'ஈர்ப்பை மாற்றும் சிகிச்சை' என்ற பெயரில் நடப்பது மருத்துவருக்குரிய ஒழுங்கை மீறிய செயல் என்று 2022-ல் தேசிய மருத்துவ ஆணையம் அறிவித்துவிட்டது. மாற்றிக் காட்டுகிறேன் என்று பணம் கேட்கும் மருத்துவர் மீது தமிழ்நாடு மருத்துவக் கவுன்சிலில் புகார் கொடுக்கலாம். இலவச சட்ட உதவிக்கு 15100.