ஆயிரம் ஆண்டுக் குத்தகையில் ஒரு மரத்தோட்டம்

அமெரிக்காவின் பாஸ்டன் நகரில் ஹார்வர்டு பல்கலைக்கழகம் ஒரு மரத்தோட்டம் வைத்திருக்கிறது. பெயர் ஆர்னால்டு ஆர்போரேட்டம், பரப்பு 281 ஏக்கர். நுழைவுக் கட்டணம் கிடையாது. விடிந்ததிலிருந்து பொழுது சாயும்வரை யாரும் போகலாம்.

திமிங்கில வேட்டைத் தொழிலில் பொருள் சேர்த்த ஜேம்ஸ் ஆர்னால்டு விட்டுச்சென்ற பணத்தில் 1872இல் தொடங்கிய தோட்டம் இது. முதல் இயக்குநர் சார்லஸ் சார்ஜென்ட். 1882இல் வினோதமான உடன்படிக்கை ஒன்று கையெழுத்தானது. நிலம் நகராட்சிக்குச் சொந்தம். பல்கலைக்கழகத்துக்கு ஆயிரம் ஆண்டுக் குத்தகை. வாடகை ஆண்டுக்கு ஒரு டாலர். சாலையும் காவலும் நகரத்தின் பொறுப்பு, மரங்கள் பல்கலைக்கழகத்தின் பொறுப்பு. குத்தகை முடிவது 2882இல்தான். மரம் வளர்ப்பவர்களுக்கு இப்படித்தான் கணக்குப் போடத் தெரியவேண்டும்.

பார்க்கப் பூங்கா மாதிரிதான் இருக்கும். ஆனால் ஒவ்வொரு மரத்திலும் சிறு உலோகத் தகடு தொங்கும். அதிலுள்ள பதிவு எண்தான் மரத்தின் பிறப்புச் சான்றிதழ். அதை வைத்து விதை எங்கிருந்து, எந்த ஆண்டில், யார் மூலம் வந்தது என்று ஏட்டில் தேடி எடுத்துவிடலாம். மரங்களை நட்டதும் குடும்பம் குடும்பமாக, பெந்தம்-ஹூக்கர் வகைப்பாட்டின்படி. நம்மூர்க் கல்லூரிகளில் தாவரவியல் மாணவர்கள் உருப்போடும் அதே வகைப்பாடு, அங்கே சாலையோரமாக வரிசைகட்டி நிற்கிறது.

இங்குள்ள மரங்களில் மெட்டாசெக்கோயாவின் கதை தனி. ஜப்பானிய அறிஞர் ஷிகெரு மிகி 1941இல் புதைபடிவங்களை வைத்து இப்பெயரைச் சூட்டியபோது, அது என்றோ அழிந்துபோன மரம் என்பதே எண்ணம். சில ஆண்டுகளிலேயே சீனாவின் உட்பகுதியில் உயிரோடு நின்ற மரங்கள் அடையாளம் காணப்பட்டன. ஆர்போரேட்டத்தின் எல்மர் மெரில் 1947இல் விதை சேகரிக்க 250 டாலர் அனுப்பினார். மறு ஆண்டு ஜனவரியில் விதைகள் பாஸ்டன் வந்துசேர்ந்தன. அவர் அவற்றைப் பூட்டி வைக்காமல் பல நாட்டுத் தோட்டங்களுக்கும் பங்கிட்டார். ஊசியிலை மரமாக இருந்தும் இது குளிர்காலத்தில் இலை உதிர்க்கும். முதன்முறை பார்ப்பவர் பட்டுப்போனது என்றே நினைப்பார்.

தகடும் ஏடும் எதற்கு உதவின என்பதற்கு 2004இல் வெளியான ஓர் ஆய்வு சாட்சி. பழைய உலர்தாவர மாதிரிகளில் பூத்த தேதி குறித்திருந்தது. அந்த மாதிரிகளுக்காகக் கிளை ஒடித்த அதே மரங்கள் தோட்டத்தில் இன்னும் நின்றன. இரண்டையும் ஒப்பிட்டதில், 1900-1920இல் பூத்ததைவிட 1980-2002இல் சராசரியாக 8 நாள் முன்னதாகவே அவை பூத்தது தெரிந்தது. பாஸ்டன் வெப்பமடைந்ததே காரணம் என்றனர் ஆய்வாளர்கள்.