ஐந்நூறு டாலருக்குப் போன பாட்டு

வானொலியில் நல்ல பாட்டொன்று ஒலித்தால் பாடியவர் யார் என்றுதானே கேட்கிறோம்? மெட்டமைத்தவர் அதை என்ன விலைக்கு விற்றார் என்று கேட்டதுண்டா? 'ஃபேட்ஸ்' வாலரின் கதையைப் படித்தால் கேட்கத் தோன்றும்.

தாமஸ் வாலர் 1904ஆம் ஆண்டு நியூயார்க்கில் பிறந்த கறுப்பினத்தவர். பருத்த உடம்பு, அதனால்தான் 'ஃபேட்ஸ்' என்ற பட்டப்பெயர். தந்தையார் சமயப் பிரசங்கி. மகன் தேவாலய இசையோடு நிற்கவேண்டும் என்பது அவர் ஆசை. பையனோ பதினைந்து வயதிலேயே ஹார்லெம் வட்டாரத்து லிங்கன் தியேட்டரில் ஊமைப் படங்களுக்கு ஆர்கன் வாசிக்கத் தொடங்கிவிட்டான்!

பின்னர் ஜேம்ஸ் பி. ஜான்சன் என்ற வித்துவானிடம் பியானோ பயின்றார். இடக்கை மந்திர சுரத்துக்கும் நடுக்கட்டைகளுக்கும் மாறி மாறித் தாவித் தாளம் காக்கும். வலக்கை மெட்டோடு விளையாடும். ஒரே ஆள் ஒரு வாத்தியக் கோஷ்டிக்குச் சமம். வாசித்தபடியே பாடுவார், புருவத்தை நெளித்துச் சிரிக்கவும் வைப்பார்.

ஹார்லெமில் 'கானிஸ் இன்' என்றொரு இரவு விடுதி. மேடையில் கறுப்பர்கள், வந்து ரசிப்பவர்களோ பெரும்பாலும் வெள்ளையர்கள். அதன் 'ஹாட் சாக்லேட்ஸ்' நிகழ்ச்சிக்காக 1929இல் வாலர் மெட்டமைத்ததுதான் 'ஏய்ன்ட் மிஸ்பிஹேவின்'. பாடலாசிரியர் ஆண்டி ரசாஃப். லூயி ஆம்ஸ்ட்ராங் பாட, ஊரெல்லாம் அதே பாட்டு.

ஆனால் வாலரின் கையில் காசு தங்காது. முதல் மனைவிக்கு ஜீவனாம்சம் கட்டாமல் சிறைக்கும் போனவர். அதே 1929இல் இந்தப் பாட்டையும் வேறு பல பாட்டுகளையும் சேர்த்து, உரிமையை 500 டாலருக்கு விற்றுவிட்டார்! ஏமாற்றியவர்கள் மீது கோபப்படலாம். அவசரப்பட்டவர் மீதும் கொஞ்சம் கோபம் வரத்தானே செய்கிறது?

ஆர்கன் ஆசை மட்டும் அவரை விடவில்லை. 1938இல் லண்டன் சென்றபோது, கறுப்பின மக்களின் பழைய பக்திப் பாடல்களை ஆர்கனில் வாசித்து இசைத்தட்டாக்கினார். தந்தை விரும்பிய இசைதான் அது.

1943 டிசம்பரில், கலிஃபோர்னியா விடுதியொன்றில் வாசித்துவிட்டு ரயிலில் வீடு திரும்பும் வழியில், கன்சாஸ் நகரருகே நிமோனியாவால் இறந்தார். வயது 39.

1978இல் அவர் பாடல்களைக் கோத்து நியூயார்க்கின் பிராட்வே மேடையில் ஒரு நிகழ்ச்சி அரங்கேறி, சிறந்த இசை நாடகத்துக்கான டோனி விருதை வென்றது. அதன் பெயர், அன்று கைமாறிய அதே 'ஏய்ன்ட் மிஸ்பிஹேவின்'.