எஞ்சிய துண்டு யாருடையது?

புதுச்சேரி மூலக்குளத்தில் வில்லியனூர் சாலையோரம் வீடோ கடையோ வைத்திருப்பவர்கள், நிலமெடுப்பு நோட்டீசு வந்தால் அதை மடித்து அலமாரியில் வைத்துவிட்டு, எதிர்வீட்டுக்காரர் என்ன செய்கிறார் என்று பார்த்திருப்பதும், பின்னர் காசோலை வந்த நாளில் குமாஸ்தா காட்டிய இடத்தில் கையெழுத்திட்டுவிட்டு, "அநியாயமாகக் குறைத்துவிட்டார்கள்" என்று வக்கீலைத் தேடி ஓடுவதும், நான் திரும்பத் திரும்பக் காணும் காட்சி.

பொதுநன்மைக்காகவன்றியும், நியாயமான நஷ்டஈடு முன்கூட்டியே தராமலும் எவர் சொத்தையும் பறிக்கலாகாது என்ற விதி பிரெஞ்சு சிவில் சட்டத்தின் 545ஆம் பிரிவிலேயே உண்டு; ஆகவே இவ்வூருக்கு இது புதிய தத்துவமன்று. இன்று பொதுவாக ஆளுகின்ற சட்டம், 1.1.2014 முதல் அமலிலிருக்கும் 2013ஆம் ஆண்டின் நிலமெடுப்புச் சட்டம். தேசிய நெடுஞ்சாலைக்காக எடுத்தால் 1956ஆம் ஆண்டின் வேறொரு சட்டம். அதில் ஆட்சேபணைக்கு 21 நாட்களே அவகாசம், முன்னதில் 60 நாட்கள். ஆகையால் நோட்டீசில் முதலில் படிக்க வேண்டியது எந்தச் சட்டம், எந்தத் தேதி என்பதைத்தான்.

சந்தை மதிப்பு, கட்டடம், மரங்கள் ஆகியவற்றின் தொகைக்குச் சமமாக இன்னொரு பங்கு ஆறுதல் தொகையாகவும், சந்தை மதிப்பின்மீது ஆண்டுக்கு 12 சதவீதமும் சேரவேண்டும். சந்தை மதிப்பைக் கணிக்கும்போது வழிகாட்டி மதிப்பையும் அக்கம்பக்கத்துக் கிரயப் பத்திரங்களையும் பார்ப்பார்கள். முத்திரைக் கட்டணத்துக்கு அஞ்சிப் பத்திரத்தில் பாதி விலை எழுதியவர்கள் இப்போது யாரை நோவது?

மிகுதியாக மறக்கப்படுவது எஞ்சிய நிலம். முன்பக்கம் போய்ப் பின்பக்கம் வழியில்லாமல் நின்றாலும், பாக்கி நிலத்தின் பயன் குறைந்தாலும் அந்தச் சேதத்துக்கும் 2013ஆம் ஆண்டுச் சட்டத்தின் 28ஆம் பிரிவின்கீழ் தொகை உண்டு. வீட்டின் ஒரு பகுதியை மட்டும் எடுக்க முனைந்தால், முழு வீட்டையும் எடுத்துக்கொள்ளும்படி கோரும் உரிமையை 94ஆம் பிரிவு தருகிறது. இவற்றை அதிகாரி தாமாகவே நினைவூட்டுவார் என்று எதிர்பார்ப்பது வீண்; கேட்டவனுக்கே சோறு. அதிகாரி நஷ்டஈட்டை நிர்ணயித்து எழுதும் தீர்வம் வருமுன்பே, எஞ்சிய நிலத்தின் அளவையும் சேதத்தையும் எழுத்தில் கொடுங்கள். புலப்பட நகல், பட்டா, வில்லங்கச் சான்று, புகைப்படங்கள் இணைத்து, நோட்டீசில் கண்ட அலுவலகத்தின் தபால் பிரிவில் தேதி முத்திரை பெற்று, நகலைப் பத்திரப்படுத்துங்கள். தாத்தா பெயரிலிருக்கும் பட்டாவோடு மனு போனால், வாரிசுச் சான்றிதழில்லாமல் பேச்சே எழாது. பழைய பிரெஞ்சு நொத்தேர் பத்திரமானால் மொழிபெயர்ப்பையும் சேர்த்து வையுங்கள்.

காசோலை வாங்கும்போது, "தொகை போதாது, ஆட்சேபணையுடன் பெற்றுக்கொள்கிறேன்" என்று ரசீதிலேயே எழுதுங்கள். மறுபடியும் சொல்கிறேன், ரசீதிலேயே. 77ஆம் பிரிவின்படி, ஆட்சேபணையின்றிப் பணம் வாங்கியவர் கூடுதல் தொகை கேட்டு 64ஆம் பிரிவின்கீழ் மனுச்செய்ய இயலாது. தீர்வம் வழங்கும்போது நேரிலிருந்தவருக்கு அம்மனுவுக்கான காலம் ஆறே வாரம். நேரில் இல்லாதவர் ஆறு மாதமிருப்பதாக எண்ணித் தூங்கலாகாது. ஆட்சியரின் நோட்டீசு கிடைத்தால் ஆறு வாரத்திலேயே கெடு முடியலாம். இம்மனுவை ஆட்சியரிடம் கொடுக்க வேண்டும். மூலக்குளத்தாருக்கு ஆட்சியரகம் வழுதாவூர் சாலைப் பேட்டையான்சத்திரத்தில். தேசிய நெடுஞ்சாலையானால் நடுவரிடம் போவதே வழி.

பணம் கிடைத்ததும் வேலை தீர்ந்தது என்று திரும்பிவிடாதீர்கள். நில அளவைப் பதிவேட்டில் எடுத்த பகுதிக்குத் தனி உட்பிரிவு போட்டு, எஞ்சிய நிலத்துக்கு உங்கள் பெயரில் பட்டா மாறியதா என்று பாருங்கள். மாறாவிட்டால் வங்கியில் கடன் கேட்கும் நாளில்தான், முழுச் சர்வே எண்ணும் சர்க்கார் பெயரில் கிடப்பது உங்களுக்குத் தெரியவரும்.