முதலில் வந்தவருக்கு முதற்பரிசு இல்லை!

போட்டி என்றால் முந்தி வருபவரே வென்றவர் என்று நாம் எண்ணுகிறோம். மோட்டார் வண்டிப் போட்டிகள் தோன்றிய காலத்தில் நிலைமை அவ்வாறு இருக்கவில்லை.

1894-ஆம் ஆண்டு ஜூலை 22-ஆம் நாள், பாரிசிலிருந்து ரூவான் நகர்வரை சுமார் 126 கிலோமீட்டர் தூரத்துக்கு ஒரு பிரெஞ்சு நாளிதழ் போட்டி நடத்தியது. குதிரையின்றி ஓடும் வண்டி ஆபத்தற்றதாகவும், எளிதில் ஓட்டத்தக்கதாகவும், மிகுந்த செலவு வைக்காததாகவும் இருத்தல் வேண்டும் என்பதே நிபந்தனை. தெ தியோன் என்னும் பிரபு தம் நீராவி வண்டியில் முதலில் வந்து சேர்ந்தார். ஆயினும் அதில் நெருப்பைக் கவனிக்கத் தனியே ஓர் ஆள் தேவைப்பட்டது. எனவே முதற்பரிசு, பெட்ரோல் வண்டிகளைச் செய்த பெஜோ, பனார்-லெவசோர் நிறுவனங்களுக்குப் பகிர்ந்தளிக்கப்பட்டது.

மறு ஆண்டு, பாரிசிலிருந்து போர்தோ சென்று திரும்பும் 1,178 கிலோமீட்டர் பயணத்தை எமில் லெவசோர் 49 மணி நேரத்துக்குள் முடித்தார். அவருடையது இருவர் மட்டுமே அமரும் வண்டி. ஆதலால் முதற்பரிசு, பதினொரு மணி நேரம் பிந்தி வந்த பெஜோ வண்டிக்குச் சென்றது. குடும்பத்துக்குப் பயன்படுமா என்பதே அன்றைய அளவுகோல்!

அந்த அளவுகோல் விரைவிலேயே மாறிவிட்டது. வென்ற வண்டிக்கே சந்தையில் மதிப்பு என்று கண்ட நிறுவனங்கள், எஞ்சினின் ஆற்றலைப் பெருக்கிக்கொண்டே போயின. லெவசோரின் சராசரி வேகம் மணிக்குச் சுமார் 24 கிலோமீட்டர். எட்டே ஆண்டுகளில் அது நூறைத் தாண்டியது. சாலையோ பழைய மண்சாலைதான்.

1903 மே 24 அன்று பாரிஸ்–மாட்ரிட் போட்டி தொடங்கியது. வழி நெடுகிலும் மக்கள் திரண்டு நின்றனர். முன்னே சென்ற வண்டி கிளப்பிய புழுதியில் பின்னே வந்தவருக்குப் பாதை தெரியவில்லை. ஓட்டியவர்களும் வேடிக்கை பார்த்தவர்களுமாகப் பலர் மாண்டனர். ரெனோ நிறுவனத்தைத் தோற்றுவித்த சகோதரர்களுள் ஒருவரான மார்செல் படுகாயமுற்று உயிர் நீத்தார். அவருடைய தம்பி லூயி போர்தோவை அடைந்த பின்னரே செய்தி அறிந்தார். அரசாங்கம் போட்டியை அந்நகரிலேயே நிறுத்தியது. சீறி வந்த வண்டிகள் புகைவண்டியில் ஏற்றித் திருப்பி அனுப்பப்பட்டன.

அதன் பின்னரே, பொதுப் போக்குவரத்தை விலக்கிய தனிச் சுற்றுப்பாதைகளில் போட்டி நடத்தும் முறை வலுப்பெற்றது.

நம் பிள்ளைகளின் கையில் வண்டிச் சாவியைக் கொடுக்குமுன் இவ்வரலாற்றை ஒருமுறை சொல்லிவைப்போம். தெரு, நடந்து செல்லும் முதியவருக்கும் பள்ளி செல்லும் குழந்தைக்கும் உரியது. அங்கே முந்திச் செல்வதற்குப் பரிசு எதுவும் இல்லை.